புள்ளி மங்கினால் பயம் வேண்டாம், வெங்காயத்தைப் பாருங்கள்

மஸ்கெலியாவிலிருந்து தங்கச்சி ஒருவர் கேட்டிருக்கிறார். சித்திரையில் பதுளைக்குப் போனபோது பெரியம்மா ஒரு செடி கொடுத்துவிட்டாராம். அகலமான பச்சை இலை, அதன் மேல் மை தெறித்த மாதிரி கரும்பச்சைப் புள்ளிகள், அடியில் சின்ன வெங்காயம் போலக் கொத்துக் கொத்தாகக் கிழங்கு. "ஆபிரிக்கச் செடி, நிழலில் வை" என்று மட்டும் பெரியம்மா சொல்லியிருக்கிறார். இவரும் இஸ்தோப்புக்கு, அதாவது வீட்டு முன் திண்ணைக்குப் பக்கத்தில், கூரை ஓரமாக, வெயில் படாத இடத்தில் ஒரு பெயின்ட் வாளியில் வைத்திருக்கிறார். ஆடி பிறந்ததிலிருந்து புள்ளிகள் மங்கிவிட்டன. வெங்காயம் மண்ணுக்கு வெளியே தெரிந்ததால் மேலே மண் போட்டு மூடியிருக்கிறார். இப்போது இலைகள் அடியில் மஞ்சளாகி, தொட்டால் கையோடு வருகின்றன. செடிக்கு வெயில் போதவில்லையா, பசளை போதவில்லையா, குளிர் தாங்காமல் சாகிறதா, பெரியம்மா வீட்டில் மட்டும் எப்படிச் செழிக்கிறது என்று கேட்கிறார்.

தங்கச்சி, இதை வாசித்து முடிக்கும் வரைகூடக் காத்திருக்க வேண்டாம். முதலில் போய், மேலே போட்ட மண்ணைக் கையால் தள்ளி எடுங்கள். முடிந்தால் வாளியையே கவிழ்த்து, செடியை வெளியே எடுத்துவிடுங்கள். ஒவ்வொரு வெங்காயத்தையும் இரண்டு விரலால் மெல்ல அழுத்திப் பாருங்கள். கடைக்குப் போனால் சமையல் வெங்காயத்தை எப்படிப் பார்த்து எடுப்பீர்களோ அதே மாதிரிதான். கெட்டியாக இருப்பது பிழைக்கும். கொழகொழவென்று அமுங்கி, புளித்த வாடை அடிப்பது பிழைக்காது, அதை மற்றதோடு சேர விடாதீர்கள். ஒரு பக்கம் மட்டும் அழுகியிருந்தால் சுத்தமான கத்தியால் வெள்ளைச் சதை தெரியும்வரை வெட்டி, வெட்டுவாயில் அடுப்புக் கரித்தூளைத் தடவுங்கள். அழுகின வேரையும் இலையையும் கிள்ளி எடுத்துவிட்டு, ஒரு சுளகில் பேப்பர் விரித்துப் பரப்பி, நாலைந்து நாள் உலர விடுங்கள். ஆவணி மஸ்கெலியாவில் உலர்ந்த இடம் எங்கே என்று கேட்பீர்கள். அடுப்பங்கரைதான். நெருப்பின் சூடு நேராகப் படாமல், புகை போகிற பக்கத்தில் வையுங்கள். இந்த நாலைந்து நாளில் அதற்கு ஒன்றும் ஆகாது. வெங்காயத்துக்குள் தண்ணீரும் சாப்பாடும் கட்டிவைத்திருக்கிற செடி இது.

சரி, இனி ஆறுதலாகப் பேசலாம்.

நீங்கள் சொல்லும் அடையாளத்தைப் பார்த்தால் உங்களிடம் இருப்பது டிரிமியோப்சிஸ் மாக்குலாட்டா. மாக்குலாட்டா என்றால் புள்ளியுள்ளது. இதோடு குழம்பக்கூடிய இரண்டு சொந்தக்காரர்கள் உண்டு, இரண்டும் ஆபிரிக்காதான், இரண்டும் பூச்செடி விற்கிற இடங்களில் ஒரே பெயரில் கைமாறுகின்றன. வித்தியாசம் பிடிப்பது சுலபம். இலைக்குத் தெளிவான காம்பு இருந்து, காம்பின் நுனியில் இதய வடிவில் இலை விரிந்தால் அது உங்களுடையது. காம்பு என்று பிரித்துச் சொல்ல முடியாமல், அடியிலிருந்து நுனிவரை நீளமாகக் கரண்டி போல் இலை போனால் அது டிரிமியோப்சிஸ் பொட்ரியோய்டெஸ், கிர்க்கியை என்ற பழைய பெயரில் அதிகம் தெரிந்தது. கென்யா, தன்சானியா, சன்சிபார் பக்கத்துச் செடி. சன்சிபாரில் பிரித்தானியப் பிரதிநிதியாக இருந்த ஜோன் கிர்க்கின் பெயரால் அந்தப் பழைய பெயர் வந்தது. மூன்றாவது, இலை சாம்பல் வெள்ளியாகவும் புள்ளி பச்சையாகவும் இருந்து, இலையைத் திருப்பினால் ஊதா நிறம் தெரிந்தால், அது லெடபூரியா சோஷியாலிஸ். இது உருவத்தில் சின்னது, வெங்காயமும் ஊதாவாக மண்ணுக்கு மேலேயே உட்கார்ந்திருக்கும். மற்ற இரண்டையும்விட வறட்சியை அதிகம் தாங்கும், ஈரத்தை அதிகம் வெறுக்கும். மஸ்கெலியாவுக்கு மூன்றில் மிகவும் கஷ்டமானது அதுதான்.

பெயர் விஷயத்தில் ஒன்று சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் தேடும்போது குழம்புவீர்கள். 2000க்குப் பிறகு தாவரவியலாளர்கள் சிலர் டிரிமியோப்சிஸ் இனங்களையும் லெடபூரியாவுக்குள் சேர்த்தார்கள். அப்போது இந்தச் செடிக்கு லெடபூரியா பெட்டியோலாட்டா என்று பெயர் வந்தது. பெட்டியோலாட்டா என்றால் காம்புள்ளது. வேறு பலர் பழைய பெயரையே வைத்திருக்கிறார்கள். ஆக இரண்டு பெயரும் ஒரே செடிதான். குடும்பம், தண்ணீர்விட்டான் கிழங்கின் குடும்பம். ஹாத்தாவாரி என்று கஞ்சிக்குப் பறிக்கிறோமே, அதே குடும்பம்தான்.

இனி, அது பிறந்த இடத்துக்கு வாருங்கள். உங்கள் கேள்விக்கான பதில் முழுவதும் அங்கேதான் இருக்கிறது.

தென்னாபிரிக்காவின் கிழக்குப் பக்கம், கிழக்கு கேப், குவாசூலு நேட்டால் என்று தொடங்கி மேலே தன்சானியாவரை இந்தச் செடி காட்டின் தரையில் வளர்கிறது. காட்டுக்குள்ளும் காட்டோரத்திலும், மரத்தடியில், சருகுக்கு நடுவில். அதனால் நிழல் பிடிக்கும் என்பது உண்மை. ஆனால் அந்த நிழல் எப்படிப்பட்டது என்று யோசிக்க வேண்டும். ஒரு பெரிய மரத்தடியில் மழை நேரத்தில் நின்றிருக்கிறீர்களா? முதல் கால் மணிநேரம் மேலே சொட்டுக்கூட விழாது, இலைகள் பிடித்துக்கொள்ளும். அப்புறம் விழுகிற தண்ணீரையும் மரத்தின் வேர் இழுத்துவிடும். மரத்தடி மண் வெளியே இருக்கிற மண்ணைவிடச் சீக்கிரம் காய்கிறது. அதோடு அந்தப் பக்கம் கோடையில் மழை, குளிர்காலத்தில் வறட்சி. டர்பன் நகரில் வருடம் முழுவதும் பெய்வது சுமார் 1000 மில்லிமீற்றர். நம்முடைய வட்டவளையில் 5000 மில்லிமீற்றருக்கு மேல் பெய்கிறது. மஸ்கெலியாவும் அதே மேற்குச் சரிவில்தான் இருக்கிறது, தென்மேற்குப் பருவமழையை முகத்துக்கு நேரே வாங்குகிற இடம்.

நம் மலையகத்தில் நிழலும் ஈரமும் ஒன்றாகவே வருவதால், நிழல் விரும்பும் செடி என்றாலே ஈரம் விரும்பும் செடி என்று நினைத்துவிடுகிறோம். லயத்து, அதாவது தோட்டத்து வரிசை வீட்டுப் பின்பக்கம் வெயில் படாத சுவரில் பாசி படர்ந்திருக்கும், பன்னம் என்கிற பெரணி முளைத்திருக்கும், அங்கே கொண்டுபோய் இதையும் வைப்போம். பன்னம் கேட்கிற நிழல் வேறு, இது கேட்கிற நிழல் வேறு. இது கேட்பது உலர்ந்த நிழல். நீங்கள் வைத்த இடத்தில் நிழல் சரியாகத்தான் இருந்தது. கூரை ஓரத்தில் தகரத்திலிருந்து வழிகிற தண்ணீர் முழுவதும் வாளிக்குள் விழுந்திருக்கிறது, அதுதான் கேடு. பெயின்ட் வாளியின் அடியில் ஓட்டை போட்டீர்களா என்று நீங்கள் எழுதவில்லை. போடாமல் இருந்திருந்தால் கதை அங்கேயே முடிந்துவிட்டது.

பெரியம்மா வீட்டுச் செடி ஏன் செழிக்கிறது என்பதற்கும் இதுதான் பதில். அவருடைய கை ராசி நல்லதாகவே இருக்கட்டும், ஆனால் ஊர் அவருக்குப் பெரிய உதவி செய்கிறது. தென்மேற்குக் காற்று உங்கள் பக்கத்து மலையில் மழையைக் கொட்டிவிட்டு, மறுபக்கம், பதுளை இருக்கிற ஊவாவுக்குள் இறங்கும்போது வெறும் காற்றாகத்தான் போகிறது. ஆனி, ஆடி, ஆவணியில் நீங்கள் மழைக்கு ரெட்டுத் துணி கட்டிக்கொண்டு கொழுந்தெடுக்கிற நேரத்தில் பதுளையில் மண் வெடித்துக் கிடக்கும். அங்கே பெரும் மழை ஐப்பசியில் தொடங்கி மார்கழி, தைவரை. உயரமும் வேறு. பதுளை நகரம் கடல் மட்டத்திலிருந்து 700 மீற்றருக்குக் கிட்ட. நீங்கள் இருப்பது 1200 மீற்றருக்கு மேலே. ஆயிரம் மீற்றர் ஏறினால் ஆறு, ஏழு பாகை சூடு குறையும் என்பது பொதுக் கணக்கு. அதனால் பெரியம்மா சொல்கிற தண்ணீர்க் கணக்கை அப்படியே உங்கள் வீட்டில் செய்ய முடியாது. பதுளையில் ஆவணி மாதம் இரண்டு நாளுக்கு ஒருமுறை ஊற்றச் சொல்வார், அது அங்கே சரி. உங்களுக்கு ஆவணியில் ஒரு சொட்டும் ஊற்றத் தேவையில்லை, காற்றில் இருக்கிற ஈரமே அதிகம்.

குளிரைப் பற்றிப் பயப்பட வேண்டாம். தென்னாபிரிக்காவில் அது லேசான குளிர்காலத்தைப் பார்த்து வளர்ந்த செடி. அப்படிக் குளிர் வந்தால் இலையைக் கொட்டிவிட்டு வெங்காயத்துக்குள் போய்த் தூங்கும். மஸ்கெலியாக் குளிர் அதைக் கொல்லாது. நுவரெலியாவில் தை, மாசியில் சில விடியற்காலைகளில் புல்லில் உறைபனி விழும், உருளைக்கிழங்கு இலை கருகும். அந்த மாதிரி இரவுகளில் மட்டும் உள்ளே எடுத்து வைக்க வேண்டும். அதைவிட முக்கியமானது, குளிரும் ஈரமும் சேரவிடக் கூடாது. உலர்ந்த வெங்காயம் குளிரைத் தாங்கும், நனைந்த வெங்காயம் தாங்காது.

இனிப் புள்ளி. இதைத்தான் நீங்கள் நோய் என்று நினைத்துப் பதறியிருக்கிறீர்கள், நிறையப் பேர் அப்படித்தான் நினைக்கிறார்கள். இந்தச் செடியில் புதிதாக வருகிற இலையில்தான் புள்ளி பளிச்சென்று இருக்கும். இலை முதிர முதிர அடிப்பச்சை கறுத்துக்கொண்டே வந்து புள்ளியோடு கலந்துவிடும். பங்குனியில் விரிந்த இலையில் ஆடி மாதம் புள்ளி தேடினால் கிடைக்காது. அது இலையின் வயது. மயிர் நரைப்பதை நோய் என்போமா? அடுத்த முறை புதுக் குருத்து வரும்போது புள்ளியும் கூடவே வரும். ஆனால் புதுக் குருத்தே புள்ளி குறைவாக, காம்பு மட்டும் நீண்டு, ஒரு பக்கமாகச் சாய்ந்து வருகிறதென்றால் அது வேறு. வெளிச்சம் போதவில்லை என்று செடி சொல்கிறது. நிழல் பிடிக்கும் என்பதற்காக இருட்டில் வைக்கக் கூடாது. பேப்பர் வாசிக்கிற அளவுக்குப் பகல் முழுவதும் வெளிச்சம் வேண்டும். காலை எட்டரை, ஒன்பது வரைக்கும் இளவெயில் பட்டால் இன்னும் நல்லது. மத்தியான வெயில் நேரே பட்டால் இலை வெளிறி, ஓரம் காய்ந்துபோகும்.

புள்ளி எதற்கு என்று ஒரு மாணவன் என்னிடம் கேட்டான், அதற்கு ஒரு விளக்கம் உண்டு. காட்டுத் தரையில் வெயில் சல்லடையில் விழுந்த மாதிரி பொட்டுப் பொட்டாக விழும். அந்த ஒளியும் நிழலும் கலந்த தரையில் புள்ளி இலை தனியாகக் கண்ணில் படாது, மேய வருகிற மிருகம் விட்டுவிட்டுப் போகும் என்கிறார்கள். கிரவீலியா மரத்தடியில், சவுக்கு என்கிறோமே, அதன் கீழே இந்தச் செடியை நட்டுப் பத்தடி தள்ளி நின்று பார்த்தால் இந்த விளக்கம் எவ்வளவு பொருத்தம் என்று தெரியும். செடி இருக்கிற இடமே தெரியாது.

மண்ணுக்கு மேலே வந்த வெங்காயத்துக்கு வருகிறேன். நீங்கள் செய்ததை நானும் செய்திருக்கிறேன். எங்கள் அம்மா லயத்து வாசற்படியில் பால்மா டின்னில் இந்தச் செடியை வைத்திருந்தார். பெயர் தெரியாது, புள்ளி வெங்காயம் என்றுதான் சொல்வார். வேலைக்குப் போகிற அவசரத்தில் வாரத்தில் ஒரு நாள் பாத்திரம் கழுவின தண்ணீரை ஊற்றுவார், அவ்வளவுதான். அது வருடக்கணக்காக இருந்தது. நான் தோட்டத்துத் தவறணையில், அதாவது தேயிலை நாற்று வளர்க்கிற இடத்தில் வேலைக்குச் சேர்ந்து, தேயிலைக் கன்றுக்கு மண் அணைக்கக் கற்றுக்கொண்ட புதிதில், அம்மாவின் டின்னைப் பார்த்து, வேர் வெளியே தெரிகிறதே என்று நல்ல கறுப்பு மண்ணாகப் பார்த்து மூடிவிட்டேன். அது ஆனி மாதம். அந்த டின்னில் இருந்த பதினெட்டு வெங்காயத்தில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. அம்மா ஒரு வார்த்தை பேசவில்லை, அதுதான் எனக்கு அதிகம் வலித்தது. அன்றைக்குத்தான் இந்தச் செடியைப் பற்றித் தேடித் தெரிந்துகொள்ளத் தொடங்கினேன்.

அந்த வெங்காயம் தானாகவே மேலே வருகிறது. பக்கத்தில் குட்டி போடப் போட ஒன்றையொன்று நெருக்கித் தள்ளி, பாதி உடம்பு வெளியே தெரிய உட்கார்ந்துகொள்ளும். அதன் கழுத்துக்குக் காற்றுப்பட வேண்டும். இலைகள் எல்லாம் அந்தக் கழுத்தில்தான் ஒன்று சேருகின்றன, அங்கே ஈர மண் ஒட்டிக்கொண்டிருந்தால் அழுகல் முதலில் அங்கேதான் பிடிக்கும். நீங்கள் சொன்ன, தொட்டால் கையோடு வருகிற இலை இதன் அடையாளம். திரும்ப நடும்போது வெங்காயத்தின் கீழ்ப்பாதி மட்டும் மண்ணுக்குள் இருக்கட்டும், தோள் வெளியே தெரியட்டும்.

மண்ணைப் பற்றி. தோட்டத்து மண் புளிப்பானது, தேயிலைக்கு அது வேண்டும், இந்தச் செடிக்கும் அதில் பெரிய பிணக்கு இல்லை. பிணக்கு அதன் களித்தன்மையில்தான். மழையில் சட்டிக்குள் இறுகி, சோப்புக் கட்டி மாதிரி ஆகிவிடும். அதனால் ஒரு பங்கு தோட்ட மண்ணுக்கு ஒரு பங்கு ஆற்று மணல், ஒரு பங்கு நன்றாக மக்கின இலைக் குப்பை அல்லது கூட்டெரு சேருங்கள். மஸ்கெலியாவுக்கு நான் மணலை இன்னும் அரைப் பங்கு கூட்டுவேன். மணல் கிடைக்காவிட்டால் செங்கல்லைப் பொடித்துச் சலித்துப் போடலாம். தும்புத்தூள் வேண்டாம் என்பது என் கருத்து. பதுளையிலும் பண்டாரவளையிலும் அது நல்ல சாமான், ஈரத்தைப் பிடித்துவைக்கும். உங்கள் ஊரில் அந்த ஈரத்தைப் பிடித்துவைத்து என்ன செய்யப் போகிறோம்? பாத்திரம் அகலமாக, ஆழம் குறைவாக இருந்தால் நல்லது, மண் சட்டி என்றால் மிகவும் நல்லது, சுவர் வழியாகவும் காயும். வாளிதான் இருக்கிறதென்றால் பாதி உயரத்தில் வெட்டி, ஆணியைச் சுட்டு அடியில் ஏழெட்டு ஓட்டை போட்டு, இரண்டு கல்லுக்கு மேல் தூக்கி வையுங்கள். ஓட்டை தரையோடு ஒட்டினால் ஓட்டை இல்லாத மாதிரிதான்.

பசளை விஷயத்தில் ஒன்று கெஞ்சிக் கேட்கிறேன், தேயிலைக்குப் போடுகிற பசளையில் ஒரு பிடி எடுத்துவந்து இதற்குப் போடாதீர்கள். தோட்டங்களில் எல்லாரும் செய்கிறோம், ரோசாச் செடிக்கும் கத்தரிக்கும் அதுவே போகிறது. அது கொழுந்து தள்ளுவதற்காகவே செய்த கலவை, நைதரசன் அதிகம். இந்தச் செடியில் அதைப் போட்டால் இலை பெரிதாக, மெத்தென்று, தண்ணீர் ஏறி வரும். பார்க்க அழகாக இருக்கும், முதல் அடைமழையில் அப்படியே சரியும். வருடத்துக்கு ஒருமுறை, குருத்து வருகிற நேரத்தில் மேலாக ஒரு கைப்பிடி கூட்டெரு போதும்.

வருடக் கணக்கு உங்கள் ஊருக்கு இப்படி வரும். மாசிக் கடைசியில், இல்லை பங்குனியில் பின்னேர இடிமழை தொடங்கும்போது குருத்து எழும்பும். அதுதான் இதன் வசந்தம், புள்ளியைப் பார்க்க வேண்டிய காலமும் அதுதான். சித்திரை, வைகாசியில் ஒரு சாண் தண்டு எழும்பி, நுனியில் சின்னச் சின்ன வெள்ளைப் பூக்கள் நெருக்கமாக அடுக்கி நிற்கும். ஆங்கிலத்தில் இதைச் சின்ன வெள்ளைச் சிப்பாய்கள் என்கிறார்கள், அந்தத் தண்டுகள் வரிசையாக நிமிர்ந்து நிற்பதைப் பார்த்தால் பெயர் பொருந்தும். பூ முழுதாக விரியாது, மொட்டு மாதிரியே இருந்து மெல்லப் பச்சையாக மாறிவிடும். விரியவில்லையே என்று கவலைப்பட வேண்டாம், அதன் வடிவமே அதுதான். வைகாசி நடுவிலிருந்து புரட்டாசிவரை கூரைக்கு உள்ளே, சாரல் அடிக்காத இடத்தில் வைத்து, மண் உள்ளே இரண்டு விரல்கடை காய்ந்தால் மட்டும் கொஞ்சம் தண்ணீர். ஐப்பசி, கார்த்திகையில் சிலவேளை இரண்டாம் முறை ஒன்றிரண்டு குருத்து வரும். மார்கழியில் தொடங்கி இலைகள் ஒவ்வொன்றாக மஞ்சளாகிப் படுக்கும். இந்த மஞ்சளும் இப்போது நீங்கள் பார்க்கிற மஞ்சளும் ஒன்றல்ல. தூங்கப் போகிற இலை நுனியிலிருந்து காய்ந்துவரும், வெங்காயம் கெட்டியாக இருக்கும். அழுகுகிற இலை அடியிலிருந்து நீர்கோத்து வரும். தை, மாசியில் தண்ணீரை முழுவதும் நிறுத்திவிடுங்கள். கண்டிப் பக்கம் உங்கள் சொந்தக்காரர் யாரும் வளர்த்தால் அவர்களுடையது வருடம் முழுவதும் இலையோடு நிற்கும். அங்கே சூடு அதிகம், தூங்கத் தேவை வராது. அதைப் பார்த்து உங்களுடையது செத்துவிட்டது என்று எறிந்துவிடாதீர்கள். தூங்குகிற வெங்காயத்தைச் செத்தது என்று நினைத்துக் குப்பைக் கிடங்கில் கொட்டினவர்கள் நிறையப் பேர்.

இப்போது உங்களுக்கு நாலைந்து வெங்காயம்தான் மிஞ்சும் என்று வைத்துக்கொள்வோம். அதுவே போதும், இந்தச் செடி மாதிரி தாராளமாகப் பெருகுகிற செடி குறைவு. குட்டி வெங்காயங்கள் தாயைச் சுற்றி வரும், குருத்து எழும்புவதற்குச் சற்று முன்னால் பிரித்து நட்டால் அந்த வருடமே வளரும். ஒவ்வொரு வருடமும் பிரிக்கத் தேவையில்லை, சட்டியில் நெருங்கி இருப்பதை அது விரும்புகிறது. மூன்று வருடத்துக்கு ஒருமுறை போதும். நான் அதிகம் விரும்புவது இலையிலிருந்து எடுப்பது. முதிர்ந்த, ஆனால் மஞ்சளாகாத நல்ல இலையைக் காம்போடு வெட்டி, வெட்டின இடம் ஒரு நாள் காய்ந்த பிறகு, ஈரமணலில் ஒரு அங்குலம் புதைத்து நிறுத்துங்கள். மேலே ஒரு தெளிவான போத்தலைப் பாதியாக வெட்டிக் கவிழ்த்தால் காற்றுப் படாமல் இலை வாடாது. ஆனால் போத்தல் மூடியைத் திறந்தே வையுங்கள். இரண்டு மாதம் பொறுமை வேண்டும். வெட்டுவாயைச் சுற்றி அரிசி மணி அளவில் வெள்ளைக் குமிழ்கள் வரிசையாக உட்கார்ந்திருக்கும். ஒரு இலைக்கு மூன்று, நாலு. அந்த இலை கடைசியில் தன்னையே கொடுத்துவிட்டுக் காய்ந்து போகும். தவறணையில் ஒற்றை இலையும் ஒரு கணுவும் வைத்துத் தேயிலைக் கன்று எடுத்துப் பழகின நம் கைக்கு இது புது வேலை அல்ல. தேயிலைக்குக் கணு கட்டாயம், இதற்குக் கணுவும் தேவையில்லை.

உங்கள் செடியில் இப்போது நல்ல இலை ஏதாவது மிஞ்சியிருந்தால், வெங்காயத்தை நம்பியே இருக்காமல் அதையும் இப்படி வைத்துவிடுங்கள்.

பூச்சியில் இரண்டைத்தான் பார்க்க வேண்டும். ஒன்று மாவுப்பூச்சி, இலைக் காம்புகளின் இடுக்கிலும் வெங்காயத்தின் காய்ந்த தோலுக்கு அடியிலும் வெள்ளைப் பஞ்சு போல ஒளிந்திருக்கும். பழைய தோலை உரித்துவிட்டு, சேர்ஜிக்கல் ஸ்பிரிட்டில் பஞ்சை நனைத்துத் துடைத்தால் போகும், ஒரு கிழமை விட்டுத் திரும்பவும் துடைக்க வேண்டும். மற்றது நத்தை. கீழே கண்டி, கம்பளைப் பக்கம் இருக்கிற பெரிய நத்தையும் ஆபிரிக்காவிலிருந்து வந்ததுதான், 1900இல் இலங்கைக்கு வந்து சேர்ந்தது. உங்கள் உயரத்தில் ஓடில்லாத நத்தைதான் தொல்லை, இரவில் வந்து குருத்தைச் சப்பிவிட்டுப் போகும், காலையில் வெள்ளிக் கோடு மாதிரி தடம் இருக்கும். சட்டியைக் கல்லுக்கு மேல் தூக்கி வைப்பது இதற்கும் உதவும். டோர்ச் எடுத்துக்கொண்டு இரவு ஒன்பது மணிக்குப் போய் ஒவ்வொன்றாக எடுப்பதைவிட நல்ல வைத்தியம் எனக்குத் தெரியவில்லை.

வீட்டில் சின்னப் பிள்ளைகள், ஆடு, மாடு இருந்தால் எட்டாத இடத்தில் வையுங்கள். பார்க்கச் சின்ன வெங்காயம் மாதிரியே இருப்பதால்தான் சொல்கிறேன். இதன் கிட்டின சொந்தம் நரிவெங்காயம், அதில் இருதயத்தைத் தாக்குகிற நஞ்சு உண்டு. இந்தச் செடியின் வெங்காயத்தையும் சமையல் வெங்காயத்தோடு சேர விடக் கூடாது. அடுப்பங்கரையில் உலர்த்தச் சொன்னேனே, அந்தச் சுளகை சாமான் கூடைக்குப் பக்கத்தில் வைத்துவிடாதீர்கள், வீட்டில் எல்லாரிடமும் சொல்லி வையுங்கள்.

சொந்தம் என்றதும் இன்னொன்று ஞாபகம் வருகிறது. ஆபிரிக்கச் செடி இங்கே பிழைக்குமா என்ற சந்தேகம் உங்களுக்கு இருக்கலாம். இதன் மிகக் கிட்டின உறவு ஒன்று ஆபிரிக்காவிலிருந்து இந்தியாவரை, நம் இலங்கையிலும் இயற்கையாகவே வளர்கிறது. லெடபூரியா ரெவொலூட்டா என்று பெயர், பழைய மருத்துவ நூல்களில் சிறுநரி வெங்காயம் என்று வரும், அதன் இலையிலும் புள்ளி உண்டு. ஆக இந்தக் குடும்பம் நமக்குப் புதிதல்ல. மலைநாட்டையே எடுத்துக்கொண்டால், தேயிலைக்கு முன்னால் இந்தச் சரிவு முழுவதும் நின்ற கோப்பியின் தாய் நிலம் எத்தியோப்பியா. நுவரெலியாவில் ஓடைக்கரையெல்லாம் வெள்ளையாகப் பூத்து நிற்கிற ஆரம் லில்லி தென்னாபிரிக்கா. வாசலில் வைக்கிற ஜெரேனியமும் அங்கேதான். ஆபிரிக்காவின் மலைச் செடிகளுக்கு நம் மலை பிடித்துத்தான் இருக்கிறது. அதனாலேயே ஒரு கவனமும் வேண்டும், மிஞ்சின வெங்காயத்தைக் காட்டோரத்தில் கொட்ட வேண்டாம். இந்தச் செடி ஓடிப் படர்வதில்லை, கொத்தாக ஒரே இடத்தில்தான் நிற்கும். ஆனாலும் ஹோர்ட்டன் சமவெளியில் கோர்ஸ் முட்செடி எப்படிப் பரவியது என்று பார்த்தவர்கள் தோட்டத்துச் செடியைக் காட்டுக்குள் போட மாட்டார்கள். மிஞ்சினால் பக்கத்துக் காம்பரா வீட்டுக்காரருக்குக் கொடுங்கள்.

சரி தங்கச்சி, உலர்ந்த வெங்காயத்தை மணல் கலந்த மண்ணில், தோள் வெளியே தெரிய நட்டுவிட்டு, இஸ்தோப்புக்குள்ளே சுவரோரமாக வையுங்கள். நட்ட உடனே தண்ணீர் ஊற்ற வேண்டாம், மண்ணில் இருக்கிற ஈரம் போதும். ஒரு மாதம் ஒன்றும் நடக்காது. இரண்டு மாதமும் ஒன்றும் நடக்காமல் இருக்கலாம், இப்போது வேர் பிடித்துவிட்டு, இலை விடாமலே தை, மாசியைத் தாண்டலாம். கிழமைக்கு ஒருமுறை விரலால் தொட்டு, கெட்டியாக இருக்கிறதா என்று மட்டும் பாருங்கள். கழுத்தில் ஊசிமுனை மாதிரி ஊதா கலந்த பச்சை எட்டிப் பார்க்கிற அன்றைக்கு முதல் தண்ணீர் ஊற்றுங்கள், அரைக் கோப்பை. அதுவரை வாளியைக் கூரை ஓரத்துக்குத் திரும்பக் கொண்டுபோகாதீர்கள்.